அசலுக்கு மட்டும் வயசாகாது

கடன் வாங்க வந்து உட்கார்ந்தவருக்குக் காது கேட்காது என்பதுதான் நொத்தாரிசு கந்தோர் வேலையில் நான் படித்த முதல் பாடம்.

ரயில் பண்டாரவளையோடு நின்றிருந்த காலத்தில், பதுளையில் ஒரு நொத்தாரிசு ஐயாவின் ஆபீசில் கிளாக்கராகச் சேர்ந்தேன். காணி விற்பவர், வீடு வாங்குபவர், வீட்டை ஈடு வைத்துப் பணம் எடுப்பவர் எல்லாரும் அவரிடம் வந்துதான் உறுதி என்கிற பத்திரம் எழுதிக்கொள்ள வேண்டும். ஐயா சிங்களவர், நல்ல மனுஷர். உறுதியை இங்கிலீஷில் எழுதுவார். கையெழுத்து வைக்கும் முன் அதில் என்ன இருக்கிறதென்று வாசித்து விளக்க வேண்டும் என்பது சட்டம். தமிழ் ஆட்கள் வந்தால் விளக்குவது என் பொறுப்பு. நான் தொண்டை வறள விளக்குவேன். எதிரே வாங்குப் பலகையில் உட்கார்ந்திருப்பவர் தலையை ஆட்டிக்கொண்டே மேசை மேலிருக்கும் பணப்பையைப் பார்த்துக்கொண்டிருப்பார். சொந்த வீட்டை ஈடு வைத்த அனுபவம் உங்களுக்கும் இருந்தால், அந்தத் தலையாட்டல் எப்படி இருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஒரே ஒரு சதம்

முத்துவீரன் பண்டாரவளை ஸ்டேஷனிலிருந்து பதுளைக் கடைகளுக்கு அரிசி மூட்டை ஏற்றி வரும் வண்டிக்காரர். ஆற்றுப் பக்கத்தில் தகரக் கூரை போட்ட சின்ன வீடு ஒன்று அவருக்கு உண்டு. அதை ஈடு வைத்து முந்நூறு ரூபாய் வாங்கி, இன்னொரு ஜோடி மாடும் வண்டியும் வாங்கத் திட்டம். கடன் கொடுப்பவர் கடைவீதிச் செட்டியார். வட்டி ரூபாய்க்கு மாதம் ஒரு சதம், அதாவது நூற்றில் ஒரு பங்கு.

"ஒரு சதந்தானே! ஒரு வெத்திலைக்குக்கூடக் காணாது" என்று முத்துவீரன் சிரித்தார். நான் விடவில்லை. "அண்ணே, முந்நூறுக்கு மாசம் மூணு ரூபா. வருஷத்துக்கு முப்பத்தாறு. எட்டு வருஷம் இப்படியே போனா, கிட்டத்தட்ட வாங்கின அளவுக்கு வட்டியாவே குடுத்திருப்பீங்க. அப்பவும் அந்த முந்நூறு அப்படியே நிக்கும், பாத்துக்குங்க" என்று விரல் மடக்கிச் சொன்னேன். அவர் மரியாதையாகக் கேட்டுக்கொண்டார். பிறகு ஜன்னல் வழியே வெயிலைப் பார்த்துவிட்டு எழுந்து நின்று சொன்னார்:

"கிளாக்கர் ஐயா, நீங்க எட்டு வருஷங் கழிச்சு நடக்கிறதச் சொல்றீங்க. மாட்டுக்காரன் சாயந்தரம் ஊருக்குப் போறான், எங்க கைநாட்டு வைக்கணும்னு சொல்லுங்க."

விருந்து முடிந்த பிறகு

பூனாகலையிலிருந்து ஒருவர் தம்பியோடு பொதுவாக வைத்திருந்த வீட்டை ஈடு வைக்க வந்தார். சாட்சிக்கு இரண்டு பேர் போதும் என்று முன்கூட்டியே சொல்லி அனுப்பியிருந்தோம். வண்டியிலிருந்து இறங்கியதோ ஒரு கல்யாணக் கூட்டம். மச்சான், மச்சானின் மச்சான், தம்பியின் மாமனார் என்று வந்துகொண்டே இருந்தார்கள். மாமனாரைக் கூப்பிடாவிட்டால் அவர் கோபித்துக்கொள்வாராம்.

முத்திரைச் செலவு, எழுத்துக்கூலி எல்லாம் போக மீதியை எண்ணி வாங்கிக்கொண்டு, கூட்டத்தைச் சாப்பாட்டுக் கடைக்கு அழைத்துப் போனார். திரும்பிப் போக வண்டிக்கூலி வேறு. வண்டி ஏறும் முன் கந்தோர் வாசலுக்கு வந்து, மடியைத் தொட்டுப் பார்த்தபடி என்னிடம் மெதுவாகக் கேட்டார்:

"ஏங்க, கடன் வாங்க வந்த செலவுக்குத் தனியா ஒரு கடன் எழுதுவீங்களா?"

நரைக்காத ஒன்று

சாமிக்கண்ணு சாப்பாட்டுக் கடை வைத்திருந்தார். கடையும் வீடும் ஒரே கட்டடம். கடை தொடங்கும்போது அதை ஈடு வைத்திருந்தார். அவரைப் போல ஒழுங்கான ஆளைப் பார்க்க முடியாது. மழை அடித்து ரோட்டில் மண் சரிந்தாலும் மாதம் பிறந்ததும் வட்டி செட்டியார் கைக்குப் போய்விடும். ஒருநாள் புது வேட்டி கட்டி, பழத்தட்டோடு கந்தோருக்கு வந்தார். "ஈட்டை மீட்டு எழுதிக் குடுங்க, எல்லாம் கட்டி முடிச்சாச்சு" என்றார்.

நான் உறுதியை எடுத்துப் பார்த்தேன். அசல் அப்படியே இருந்தது. கட்டியதெல்லாம் வட்டி. இதை எப்படிச் சொல்வதென்று தெரியாமல் முதலில் ஒரு பழத்தை எடுத்து உரித்தேன். பிறகு சொன்னேன். அவர் வாங்கில் உட்கார்ந்துவிட்டார். தண்ணீர் கொடுத்தோம். நொத்தாரிசு ஐயாவே செட்டியாரைக் கூப்பிட்டுப் பேசினார். இனிமேல் அசலையும் துண்டு துண்டாக வாங்கிக்கொள்வதாகச் செட்டியார் ஒத்துக்கொண்டார். சாமிக்கண்ணு கடையின் முன்பக்கத்தில் பாதியை ஒரு வெற்றிலைக் கடைக்காரருக்கு வாடகைக்கு விட்டு, அந்தக் காசிலேயே மெல்ல மெல்ல ஈட்டை மீட்டுவிட்டார். இன்றைக்கும் அவர் கடை நடக்கிறது, சாம்பார் பரவாயில்லை. ஆனால் அன்றைக்குத் தண்ணீரைக் குடித்து முடித்துவிட்டு அவர் என்னிடம் கேட்டார்:

"எனக்குத் தலை நரைச்சுப் போச்சு, பல்லு நாலு விழுந்துபோச்சு, இந்த அசலுக்கு மட்டும் ஒண்ணுமே ஆகலையா?"

வீட்டுக்காரனைத் தேடியவர்

கடன் கணக்கில் ஒத்தி என்று ஒரு வகை உண்டு. வீட்டைக் கடன் கொடுத்தவர் வசம் விட்டுவிட வேண்டும். வட்டி கிடையாது, வீட்டு வாடகையை அவர் எடுத்துக்கொள்வார். தோட்டத்தில் ஆட்களை வேலை வாங்கும் பெரிய கங்காணியாக இருந்து ஓய்ந்த ஆறுமுகத்துக்கு இந்த "வட்டி கிடையாது" என்ற வார்த்தை மட்டும் காதில் விழுந்தது. மகள் கல்யாணத்துக்காகப் பதுளை வீட்டைச் செட்டியாரிடம் ஒத்தி வைத்தார். கல்யாணம் மேளதாளத்தோடு நடந்தது. அது முடிந்த பிறகுதான் தான் எங்கே குடியிருப்பது என்ற யோசனை வந்தது. அதே வீட்டை அதே செட்டியாரிடம் வாடகைக்கு எடுத்தார். வட்டியாக வந்திருக்க வேண்டியதைவிட வாடகை கொஞ்சம் கூடுதல்.

மார்கழி மழையில் கூரை ஒழுகியது. செட்டியாரிடம் போனார். "கூரையெல்லாம் வீட்டுக்குச் சொந்தக்காரர் பார்க்கணும்" என்றார் அவர். கங்காணி கோபமாக எங்கள் கந்தோருக்கு வந்தார். ஐயா உறுதியைப் படித்துவிட்டு, செட்டியார் சொன்னதுதான் சரி என்றார். நான் அதைத் தமிழில் சொன்னதும், தோட்டத்தில் காலையில் ஆட்களை நிறுத்திப் பெரட்டு எடுத்த அதே குரலில் கங்காணி கத்தினார்:

"கூரை ஒழுகுதுன்னு வீட்டுக்காரனைத் தேடி ஊரெல்லாம் அலையிறேன், கடைசியில எல்லாரும் என்னையே கைகாட்டுறீங்களேய்யா!"

சாக்குக் கதவு

இத்தனை வருஷத்தில் நான் விளக்கியதைக் காது கொடுத்துக் கேட்டவர் ஒரே ஒருவர். அவர் பெயர் அங்கம்மா.

அவரும் புருஷன் பெரியண்ணனும் மடுல்சீமைப் பக்கத்துத் தோட்டமொன்றில் லயத்து வரிசை வீட்டில் இருந்தவர்கள். அங்கம்மாவின் அப்பாவுக்குக் கால் முறிந்து வேலைக்குப் போக முடியாமல் போனபோது, அவர் குடியிருந்த ஒற்றை அறைக் காம்பராவைத் தோட்டத்தில் வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டார்களாம். அன்றைக்கே அங்கம்மா சொந்த வீடு என்று மனதில் எழுதிக்கொண்டுவிட்டார். பெரியண்ணனுக்குப் பதுளையில் அரிசிக் கடையொன்றில் மூட்டை நிறுக்கும் வேலை கிடைத்தது. அங்கம்மா காலையில் தோசை சுட்டு விற்றார். ஊர் ஓரத்தில் ஓர் ஆசாரியின் வீடு ஐந்நூறு ரூபாய்க்கு விலைக்கு வந்தது. ஆசாரி இந்தியாவுக்குத் திரும்பிப் போகிறார். இவர்கள் கையில் இருந்தது பாதி. மீதிப் பாதியை, வாங்கும் வீட்டையே ஈடு வைத்துச் செட்டியாரிடம் எடுப்பதாக ஏற்பாடு.

எல்லாரும் கந்தோரில் கூடினோம். நான் வாசித்து விளக்கினேன். பெரியண்ணன் தலையாட்டிக்கொண்டே கட்டைவிரலை மையில் தோய்த்துவிட்டார். அங்கம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு என்னிடம் கேட்டார்.

"இது எப்பங்க முடியும்?"

அதுவரைக்கும் அந்தக் கேள்வியை யாரும் என்னிடம் கேட்டதில்லை. செட்டியாரைப் பார்த்தேன், அவர் கூரையைப் பார்த்தார். "இதுல உள்ளபடி வட்டி மட்டுந்தான் கட்டுவீங்க அக்கா. மாசம் ரெண்டரை ரூபா. அசலை எப்ப மொத்தமாக் குடுக்கிறீங்களோ, அப்பத்தான் முடியும்" என்றேன்.

"மொத்தமா நாங்க என்னைக்குப் பாக்கிறது? அப்ப முடியவே முடியாதா?"

"ஆம்பளைங்க பேசுற இடத்துல..." என்று பெரியண்ணன் ஆரம்பித்தார். அங்கம்மா அவரை மை விரலோடு வெளியே இழுத்துப் போனார். வாசலில் நின்று இருவரும் பேசியது கந்தோருக்குள் நன்றாகவே கேட்டது. "எங்கப்பன் மாதிரி நீங்களும் ஒருநாள் விழுந்துட்டா, யாரு இந்த வட்டியக் கட்டுறது? தோட்டத்துல தொரை வெளிய தள்ளுனாரு, இங்க செட்டியாரு தள்ளுவாரு, அவ்வளவுதானே?" என்று அவர் கேட்டபோது குரல் உடைந்தது. பெரியண்ணன் மை விரலை வேட்டியில் துடைத்துக்கொண்டார். இருவரும் உள்ளே வந்தார்கள். பேசியது பெரியண்ணன்தான்.

"ஆசாரியாரே, கதவு ஜன்னல் இல்லாம வீடு என்ன விலை?"

ஆசாரியின் முகம் மலர்ந்துவிட்டது. அவர் கையால் இழைத்த பலாமரக் கதவுகள். அவற்றை விட்டுப்போக அவருக்கும் மனமில்லை. தவிர, கடைவீதியில் ஒருவர் அந்தக் கதவுகளை ஏற்கெனவே விலைக்குக் கேட்டிருந்தாராம். அடுப்படித் தகரத்தையும் கழற்றிக்கொண்டு நானூறுக்கு இறங்கினார். ஆக, கடன் நூற்றைம்பதாகச் சுருங்கியது. மாதாமாதம் அசலில் ஐந்து ரூபாய், மிச்சம் நிற்பதற்கு மட்டும் வட்டி, இரண்டரை வருஷத்தில் சரி என்று நான் கணக்குச் சொன்னேன். செட்டியார் நெளிந்தார். "இந்த ஆத்தா மாதிரி எல்லாரும் கேக்க ஆரம்பிச்சா, நான் கடையைச் சாத்திட்டுக் காரைக்குடிக்கே போயிட வேண்டியதுதான்" என்றவர், நொத்தாரிசு ஐயா சிரிப்பதைப் பார்த்துவிட்டுத் தானும் சிரித்து ஒப்புக்கொண்டார்.

அந்த வருஷ மழைக்காலத்தில் அவர்கள் வீட்டுப் பக்கம் போனேன். வாசலில் இரண்டு அரிசிச் சாக்கைச் சேர்த்துத் தைத்துத் தொங்கவிட்டிருந்தார்கள். ஜன்னலிலும் சாக்கு. காற்று அடிக்கும்போதெல்லாம் வீடு மூச்சு விடுவது போல அவை உப்பி அடங்கின. அடுப்படிக்கு மேலே மானாப்புல் வேய்ந்திருந்தார்கள். உள்ளே குளிர் குடியிருந்தது. ஆனால் தோசை வாசனையும் இருந்தது. எதைத் தட்டுவதென்று தெரியாமல் நான் நின்றபோது உள்ளேயிருந்து அங்கம்மா குரல் கொடுத்தார்:

"வாங்க கிளாக்கர் ஐயா, தள்ளிக்கிட்டு வாங்க, தட்டுறதுக்கு இன்னும் கதவு வாங்கல!"

செட்டியாரின் கவலை

இரண்டரை வருஷம்கூட ஆகவில்லை. தோசை வியாபாரம் நன்றாக நடந்ததால் கடைசி மூன்று தவணையையும் ஒன்றாக முடிந்துகொண்டு இருவரும் வந்துவிட்டார்கள். நான் நீட்டும் முன்பே பெரியண்ணன் உறுதியைப் பிடுங்கிக்கொண்டார். வாசிக்கத் தெரியாவிட்டாலும் முன்னும் பின்னும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அங்கம்மா அழவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. "இனிமே நாங்க யாருக்கும் ஒண்ணும் தர வேண்டியதில்லைதானே?" என்று என்னிடம் ஒருமுறையும், ஐயாவிடம் ஒருமுறையும், கடைசியில் செட்டியாரிடமே ஒருமுறையும் கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டார். பிறகு இருவரும் நேரே கதவு பார்க்கப் போனார்கள்.

செட்டியார் பணத்தை எண்ணிப் பையில் போட்டார். ஆனால் முகத்தில் களை இல்லை. "என்ன செட்டியார், குடுத்த பணம் ஒரு சதம் குறையாம வந்திருச்சு, சந்தோஷப்பட வேணாமா?" என்று கேட்டேன். பையைக் கையில் தூக்கிப் பாரம் பார்த்தபடி அவர் பெருமூச்சு விட்டார்:

"அவங்ககிட்ட இருந்தப்ப இது குட்டி போட்டுக்கிட்டு இருந்திச்சு தம்பி, இனி இதுக்கு நான் வேற வீடுல்ல தேடணும்!"

இப்போது ரயில் பதுளைக்கே வந்து, வீட்டு விலையும் ஏறி, கந்தோர் வாங்கில் கூட்டமும் கூடிவிட்டது. ஊராருக்கெல்லாம் வீட்டுக் கடனின் முழுச் செலவையும் விளக்கிச் சொல்லும் நான் மட்டும் பயந்துகொண்டு கடன் வாங்காமல் இத்தனை காலம் கட்டிய வாடகைக்கு எத்தனை வீடு வாங்கியிருக்கலாம் என்பதை, என் மனைவி சட்டப்படி தினமும் ஒருமுறை எனக்கு வாசித்து விளக்கிக்கொண்டிருக்கிறாள்.