திருவாதிரை சம்மதிக்க வேண்டும்

வானத்தில் ஓர் அரசாங்கம் நடக்கிறது என்பதை எட்டு வயதில் நான் துளியும் சந்தேகப்பட்டதில்லை. சொன்னவர் என் சின்ன மாமா, அம்மாவின் தம்பி. நத்தத்திலிருந்து வந்து திண்டுக்கல்லில் எங்கள் வீட்டில் தங்கி, புகையிலைக் கிட்டங்கியில் சரக்கு எடை போடும் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். சம்பளம் சொற்பம், சாப்பாடு அக்கா வீட்டில். அப்பா எதிரே வந்தால் மடித்துக் கட்டிய வேட்டியை இறக்கிவிட்டு ஓரமாக நிற்பார். மொட்டைமாடிக்கு வந்துவிட்டாலோ ஆளே மாறிப்போவார்.

அந்த மார்கழியில் விளக்கு வைத்ததும் மாமாவும் நானும் மாடியில் ஆஜர். வீட்டுக்குக் கிழக்கே மலைக்கோட்டைப் பாறை கன்னங்கரேலென்று உட்கார்ந்திருக்கும். அதன் முதுகுக்குப் பின்னாலிருந்து நட்சத்திரங்கள் ஒவ்வொன்றாக ஏறி வரும். "சபைக்கு ஆளுக வர ஆரம்பிச்சிட்டாக, பாரு தாயி" என்பார் மாமா. எனக்குப் புல்லரிக்கும்.

நட்சத்திரங்களுக்கு ராஜா கிடையாதாம். ஓட்டுப்பெட்டியும் கிடையாதாம். தான் ஓட்டுப் போட்ட ஆள் தோற்றுப்போனதற்காக அப்பா பல நாள் யாரோடும் முகம் கொடுத்துப் பேசாததைப் பார்த்தவள் நான். அதனால் ஓட்டு இல்லாத அரசாங்கம் என்றதும் நிம்மதியாகவே இருந்தது.

"பின்ன எப்படி மாமா சட்டம் போடுவாக?"

"எல்லாரும் சம்மதம்னு மினுக்கணும். கோடிப் பேரு சரின்னு சொல்லி, ஒருத்தரு மட்டும் பேசாம இருந்தாலும் காரியம் நின்னுரும்."

"அந்த ஒருத்தர அடிச்சிருவாகளா?"

"சேச்சே! அம்புட்டுப் பேரும் அவருகிட்டப் போயி, ஒனக்கு என்ன மனக்குறைன்னு கேக்கணும். அதான் அங்க சட்டம்."

ஒரு நட்சத்திரம் சொன்னது இன்னொன்றுக்குப் போய்ச் சேரவே பல வருஷம் ஆகுமாம். ஆனாலும் பொறுத்திருப்பார்களாம், சண்டையே வந்ததில்லையாம். மல்லாந்து படுத்து அவ்வளவு பேரையும் பார்க்கப் பார்க்க எனக்கு மூச்சு முட்டும். எங்கள் வீட்டில் இருப்பது ஐந்தே பேர். ராத்திரிக்கு என்ன வெஞ்சனம் வைப்பது என்பதிலேயே தினமும் ரகளை.

சபையில் அப்போது ஒரு வழக்கு இழுத்துக்கொண்டிருந்தது. நிலாவைச் சேர்த்துக்கொள்ளலாமா, கூடாதா?

"அவனுக்குச் சொந்த வெளிச்சம் இல்ல தாயி. இன்னொருத்தர் வெளிச்சத்துல பொழைக்கிறவன். எனக்கும் ஒரு எடம் குடுங்கன்னு கேட்டுக்கிட்டு நிக்கிறான்."

"யாரு வேணாங்கிறா?"

"யாரும் வேணாங்கல. அந்தா, செவப்பா இருக்கே திருவாதிரை, அது மட்டும் இன்னும் வாயத் தொறக்கல."

எனக்குத் திருவாதிரை மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. அத்தையிடம்கூட முறையிட்டேன். அத்தை என்றால் அப்பாவின் கடைசித் தங்கை. கொடியில் கிடக்கும் துணிகளை எடுக்க அந்த நேரத்துக்குத்தான் மாடிக்கு வருவாள். மடித்த சேலையையே உதறி மறுபடி மடித்துக்கொண்டு நிற்பாள். "அதுக்கு என்ன சங்கடமோ, யாரு கண்டா?" என்றாள். இருட்டில் அவள் முகம் தெரியவில்லை.

தை பிறந்ததும் பழனியிலிருந்து அத்தையைப் பெண் கேட்டு வந்தார்கள். அடிவாரத்தில் லாட்ஜ் வைத்திருந்த குடும்பம். மாப்பிள்ளைக்கு முதல் சம்சாரம் தவறிப்போயிருந்தது. அப்பாவுக்கோ தங்கமான இடம் வாய்த்துவிட்ட பூரிப்பு.

நிச்சயத்தன்று சாயங்காலம் கூடம் நிறைய ஆட்கள். அத்தை அடுப்படிக் கதவை ஒட்டி நின்றாள். மாமாதான் ஜமக்காளம் விரித்தார், மாப்பிள்ளைக்குத் தண்ணீர் கொண்டுவந்தார். செம்பு தளும்பித் தரையெல்லாம் ஈரம். தாம்பூலத் தட்டு மாற்றும் முன் பெரியவர் ஒருவர் வழக்கப்படி எழுந்து, "சபையோருக்கெல்லாம் சம்மதந்தான?" என்று கேட்டார்.

சம்மதம், சம்மதம் என்று கூடமே முழங்கியது. நான் ஒவ்வொருவர் வாயாகப் பார்த்துக்கொண்டே வந்தேன். அத்தையின் வாய் அசையவே இல்லை. யாரும் அவள் பக்கம் திரும்பவும் இல்லை. சட்டம் தெரிந்த மாமாவோ தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். எனக்குப் பொறுக்கவில்லை.

"எனக்குச் சம்மதம் இல்ல! அத்த இன்னும் சொல்லவே இல்ல!"

மாப்பிள்ளையின் அம்மா கையிலிருந்த தட்டைத் தன் மடிக்கே இழுத்துக்கொண்டார். "ஏனுங்க, நல்ல காரியத்துல பச்சக் கொழந்த வாயில இப்பிடி வந்துருச்சுங்களே! இனி எப்படிங்க தட்டு மாத்துறது?" அப்பா எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தார். அவர்கள் கடைசி பஸ்ஸைப் பிடிக்கக் கிளம்பியே விட்டார்கள்.

அம்மா என் முதுகில் பளாரென்று ஒன்று வைத்தாள். அடுத்ததை அப்பா தடுத்தார். அவரே அடிக்கத்தான் என்று நினைத்தேன். "ஏன் தாயி அப்படிச் சொன்ன?" என்றார். நான் விம்மி விம்மிச் சட்டம் முழுவதையும் ஒப்பித்தேன். ஒருத்தர் சம்மதம் சொல்லவில்லையென்றால் அம்புட்டுப் பேரும் போய் என்ன மனக்குறை என்று கேட்க வேண்டும், வேண்டுமானால் மாமாவைக் கேட்டுப் பாருங்கள் என்றேன். மாமா தூணோடு தூணாக ஒட்டிக்கொண்டார்.

அப்பா அடுப்படிக் கதவருகே போனார். எங்கள் வீட்டுச் சரித்திரத்திலேயே முதல் தடவையாக, "ஒனக்கு என்னம்மா மனசுல?" என்று தங்கையைக் கேட்டார்.

அத்தை என்னை இழுத்து முந்தானையால் மூக்கைத் துடைத்துவிட்டாள். அவள் விரல்கள் ஜில்லென்று இருந்தன.

"நிலாவச் சேத்துக்கிறதுல திருவாதிரைக்குச் சம்மதமாம். ஒங்க மாமாகிட்டச் சொல்லு."

மாமா எட்டிப் பிடிக்கும் தூரத்தில்தான் நின்றார், காதும் நன்றாகவே கேட்கும். இதை நான் வேறு போய்ச் சொல்ல வேண்டுமா என்று யோசிப்பதற்குள் அவர் துண்டில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழ ஆரம்பித்துவிட்டார். "அடப் பாவிகளா!" என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டு சிரித்தாள். அப்பா தங்கையையும் மாமாவையும் மாறி மாறிப் பார்த்தார். பெரியவர்களுக்கு என்னவோ ஆகிவிட்டது என்று நான் மாடிக்கு ஓடினேன்.

பாறைக்கு மேலே திருவாதிரை சிவப்பாக நின்றது. ஒரு முழம் தள்ளி நிலா. வழக்கு தீர்ந்துவிட்டது! பல வருஷத் தூரத்தில் இருக்கும் ஒரு நட்சத்திரத்தின் வார்த்தை எங்கள் வீட்டு அடுப்படிவரை வந்து சேர்ந்திருக்கிறதே என்று மெய்சிலிர்த்து நின்றேன். அது மாமாவுக்கு வராமல் அத்தைக்கு எப்படி முதலில் வந்தது என்பதுதான் விளங்கவில்லை.

வைகாசியில் அவர்கள் இருவருக்கும் நடந்த கல்யாணத்தில் வயிறு முட்டப் பாயசம் குடித்தபோதும் விளங்கவில்லை. வளர்ந்து, எனக்கென்று ஒரு வீடு வந்து, நானே துணி காயப்போட ஆரம்பித்த பிறகுதான் ஒருநாள் சுருக்கென்று உறைத்தது. கொட்டுகிற மார்கழிப் பனியில், விளக்கு வைத்த பிறகும் எந்த வீட்டில் துணியைக் கொடியில் விட்டுவைப்பார்கள்?