பிரிட்ஜுக்குள் பாப்பரசர்

தொண்ணூறுகளில், நாடுவிட்டு வந்த புதிதில், மல்வேர்னில் மூன்று பேர் ஒரே அப்பார்ட்மென்டில் இருந்தோம். எங்களில் மூத்தவர் செக்யூரிட்டி வேலைக்காரர். நெற்றி நிறையத் திருநீறு. கையில் எப்போதும் ரோமாபுரிப் பாப்பரசர்களின், அதாவது போப்பாண்டவர்களின், சரித்திரம். கேட்டால், "படை இல்லாமல் ராசாக்களை ஆட்டிவைக்கிற வித்தை உதுக்குள்ளதான் கிடக்கு" என்பார்.

ஒரு வெள்ளிக்கிழமை, நான் ஆசைக்கு வாங்கிய மீனை மற்ற அறைவாசி பிரிட்ஜில் கண்டுவிட்டார்.

"என்ர கத்தரிக்காய்க் கறிக்குப் பக்கத்தில மீனோ? நான் வேற வீடு பாக்கிறன்!"

எங்களில் ஒழுங்காகச் சமைக்கத் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். அவர் போனால் நாங்கள் பட்டினி.

செக்யூரிட்டி அண்ணை ஒட்டுகிற டேப்போடு வந்து பிரிட்ஜின் நடுவே கோடு போட்டார். "ஸ்பெயினும் போர்த்துக்கலும் அடிபடேக்க, பாப்பரசர் உலகத்துக்கே கோடு கிழிச்சவர். உது வெறும் பிரிட்ஜ்."

இடப்பக்கம் மீன், வலப்பக்கம் சைவம். சமாதானமாகிக் கைகொடுத்தோம்.

"அப்ப ஃபிரீசர், அண்ணை?"

"அது எனக்கு. பாப்பரசருக்கும் ஒரு குட்டி நாடு இருக்கெல்லே?"

ஃபிரீசரில் வைக்காவிட்டால் மீன் பழுதாகுமே என்று அவரிடமே விண்ணப்பித்தேன். இரண்டு துண்டு பொரித்துவந்தால் யோசிப்பதாகச் சொன்னார்.

"இண்டைக்கு வெள்ளிக்கிழமை, அண்ணை."

"வெள்ளியில இறைச்சிதான் கூடாது. மீனுக்குப் பாப்பரசர்மார் தடை போடேல்லை."

நான் கருக்கிக் கொடுத்ததை ருசித்துச் சாப்பிட்டார். அவர் எந்தச் சமயம் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.