லிட்டருக்கு இருபது மில்லி

மரம் வெட்டுகிற அவரைத் தெருவில் எல்லோரும் கண்ணளவுக்காரர் என்பார்கள். கிளை எந்தப் பக்கம் சாயும், கயிறு எத்தனை அடி வேண்டும் என்று அண்ணாந்து ஒரு பார்வை பார்த்துச் சொல்வார்; சொன்னது பிசகாது. அந்தத் தெம்பில் மெஷின் ரம்பத்தின் பெட்ரோலுக்கும் எண்ணெயைக் கண்ணளவில்தான் ஊற்றினார். அதுவும் காருக்கு வாங்கி மிச்சமிருந்த எஞ்சின் ஆயில்.

ரம்பம் வாங்கிய மூன்றாம் மாதம், பாதி மரத்தில் ரம்பம் மூச்சை நிறுத்திக்கொண்டது. மெக்கானிக் அதைப் பிரித்துப் பிஸ்டனை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தார். பக்கமெல்லாம் நீளநீளமாகக் கீறல்.

“இதுக்குன்னே டூ ஸ்ட்ரோக் ஆயில் இருக்குண்ணே. பெட்ரோலோட கலந்து உள்ள போற எண்ணெயை விட்டா பிஸ்டன் வழுக்கி ஓட வேற வழி இல்ல. உங்க மெஷினுக்கு லிட்டருக்கு இருபது மில்லி. கூடவும் வேணாம், குறையவும் வேணாம்.”

“பெட்ரோல்ல கலப்படம்பா,” என்றார் இவர்.

புது ரம்பம் வந்தபோது பயம் பிடித்துக்கொண்டது. ஆயிலைத் தாராளமாகச் சாய்த்தார். தெருவெல்லாம் புகை, பிளக்கில் கரி அப்பியது. பொறுத்துப் பொறுத்துப் பார்த்த மனைவி, இருமல் மருந்தோடு வந்த பத்து மில்லி மூடியைக் கழுவிக் காயவைத்து நீட்டினாள். அவள் தையல்காரி.

“நான் கண்ணளவுல சட்டை தச்சா யாருங்க போடுவா?”

முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேதான் வாங்கிக்கொண்டார்.

ஒருநாள் பலத்த காற்று அடித்தது; மறுநாள் காலை, பள்ளிக்கூட வாசலுக்கு மேல் முறிந்த கிளை ஒன்று தொங்கியது. தலைமை ஆசிரியையின் போன் வந்தபோது அவர் இரண்டு லிட்டர் கேனில் ஆயில் ஊற்றிக்கொண்டிருந்தார். பேசி முடித்ததும் கேனை மூடிக் கிளம்பிவிட்டார். பள்ளிக்கூட வாசலில் ரம்பத்தில் ஊற்றப் போகும்போதுதான் பொறிதட்டியது: நாலு மூடி ஊற்றினோமா, ஒன்றோடு நிறுத்தினோமா? காகிதத்தில் ஒரு சொட்டு விட்டார். பெட்ரோல் காய்ந்து பிசுக்குக் கறை மிஞ்சியது. ஆயில் இருந்தது, எவ்வளவு என்று யார் சொல்வது?

“என்ன ஆச்சுங்க? பிள்ளைங்க வந்துடுவாங்களே,” என்றார் தலைமை ஆசிரியை.

“எவ்வளவு ஆயில் ஊத்தினேன்னு தெரியல டீச்சர்.” சொன்ன பிறகு அவருக்கே திக்கென்றது. “இந்த வாசலைப் பூட்டிட்டு, பிள்ளைங்களைப் பின்பக்கமா விடுங்க. அரை மணியில வந்துடுறேன்.”

வீட்டுக்குத் திரும்பி, வேறு கேனில் புதுப் பெட்ரோல் பாதி விட்டு, நாலு மூடியையும் வாய்விட்டு எண்ணி ஊற்றிக் குலுக்கி, மீதிப் பெட்ரோலையும் சேர்த்தார். தையல் மெஷினின் சத்தம் நின்றது.

“இன்னிக்கு டீச்சர்கிட்டயே தெரியலன்னு சொல்லிட்டேன்,” என்றார்.

“சொன்னா என்ன, வாய் கோணிடுச்சா?”

சிரிப்பை அடக்கிக்கொண்டு வண்டியைக் கிளப்பினார். இரண்டாம் இழுப்பில் ரம்பம் சுதி பிடித்தது. பத்து மணிக்குள் கிளை துண்டுதுண்டாகத் தரையில் கிடந்தது. ஆசிரியை கொடுத்த தண்ணீரில் பாதியைக் குடித்தார். மீதியைத் தலையில் ஊற்றிக்கொண்டார்.