மூடி கழற்றாத தொலைநோக்கி

பேய், பிசாசு என்று யாராவது ஆரம்பித்தாலே எழுந்து போய்விடுகிற ஆள் நான். சொந்தக்காரர்களே என்னை நெஞ்சழுத்தக்காரி என்பார்கள். அதனால் நம்பினால் நம்பு தம்பி, நம்பாவிட்டால் போ, எனக்கு ஒன்றும் குறையாது.

ஜப்பான்காரன் எங்கள் ஊரைப் பிடித்து ஆண்ட காலம். சுங்கை பினாங் பக்கம் ஒரு மாடி வீட்டில் நானும் என் அண்ணனும் மட்டும் இருந்தோம். அண்ணன் துறைமுக ஆபீஸில் கணக்கெழுதுகிற கிராணி. ஓடிப்போன வெள்ளைக்காரத் துரை விட்டுச் சென்ற தொலைநோக்கி ஒன்று அவரிடம் இருந்தது. பொழுது சாய்ந்ததும் தெற்கு வானத்தில் ஒரே ஒரு புகைத் திட்டைத்தான் பார்ப்பார்.

"புகை இல்லம்மா, அத்தனையும் நட்சத்திரம். சக்கரம் மாதிரி சுத்துது, நடுவுல ஒரு குறுக்குக் கட்ட. நம்ம குழாய்ல கட்ட தெரியாது, புத்தகத்துலதான் இருக்கு. அதுல ஒரு நட்சத்திரம் வெடிக்கிறத என் கண்ணால பாத்துடணும்லா," என்பார். அந்த மனுஷனுக்கு அவ்வளவுதான் ஆசை.

அதைப் போய், வெள்ளைக்காரன் கப்பலுக்கு விளக்குக் காட்டுகிறான் என்று எவனோ ஜப்பான்காரனிடம் சொல்லிக்கொடுத்துவிட்டான். தெருவையே மைதானத்தில் நிறுத்தினார்கள். ஆளைக் காட்டிக்கொடுக்க, தலையில் சாக்கு மாட்டிய ஐந்து பேர் எதிரே உட்கார்ந்திருந்தார்கள், அவர்கள் யாரைப் பார்த்துத் தலையாட்டினாலும் அந்த ஆளை லாரியில் ஏற்றிவிடுவார்கள். அண்ணனைப் பார்த்துத் தலையாட்டியவனுக்கு முகம் தெரியவில்லை, கால் தெரிந்தது. காலில் அண்ணன் கழற்றிக் கொடுத்த செருப்பு. பக்கத்து வீட்டு ராசையா! அண்ணன் திரும்பி வரவே இல்லை.

மூன்று வருஷம் அவனைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே வயிறெரிந்தேன். ஒரு நாள் மத்தியானம் அவனே வந்து நின்றான்.

"தங்கச்சி, அந்தக் குழாய நீ ஒளிச்சு வெச்சிருக்கிறது தெரியும். குடுத்துரு, அரிசி வாங்கித் தர்றேன்."

"எடுத்துக்குங்கண்ணே. கண்ணாடி நல்லா இருக்கான்னு மேல வந்து பாத்துட்டே எடுத்துக்குங்க."

மாடி ஜன்னலில் வைத்துக் கொடுத்தேன். முன்வாய் மூடியை வேண்டுமென்றே கழற்றவில்லை, மேலே துணியைச் சுற்றி மறைத்திருந்தேன். ஒன்றும் தெரியவில்லையே என்று குனிந்து திருகிக்கொண்டிருப்பான், அந்த நேரம் எனக்குப் போதும். முந்தானைக்குள் அம்மிக் குழவி. அண்ணன்மேல் ஆணையாக, அவன் மண்டையைப் பிளக்கத்தான் நின்றேன்.

"ஒரே இருட்டா இருக்கே," என்றான். குழவியை ஓங்கினேன். "இல்ல, தெரியுது. ஒரு சக்கரம்... நடுவுல குறுக்கா ஒரு கட்ட. அது முனையில என்னமோ எரியுது தங்கச்சி. பெருசாகுது... ஐயோ!"

வலது கண்ணைப் பொத்திக்கொண்டு தரையில் உருண்டான். கையை எடுத்தபோது கருவிழி வடித்த கஞ்சி மாதிரி வெளுத்துப் போயிருந்தது. நான் அவனைத் தொடவே இல்லை, ஓங்கிய குழவி என் கையிலேயே இருந்தது. பாவமாக இருந்ததா என்று கேட்காதே. நன்றாக வேண்டும் என்றுதான் இருந்தது. பிறகு துணியை அவிழ்த்துப் பார்த்தேன், மூடி இறுக்கமாக மூடியபடியே இருந்தது.

எத்தனையோ வருஷம் கழித்து, எங்கள் மாடியில் வாடகைக்கு இருந்த யுனிவர்சிட்டி வாத்தியாரிடம் அந்தச் சக்கரத்தைப் பற்றிக் கேட்டேன். புத்தகத்தைப் புரட்டியவர், ஜப்பான்காரன் கிளம்புவதற்குச் சற்று முன்னால், ராசையாவுக்குக் கண் போன அதே சமயத்தில், அதில் ஒரு நட்சத்திரம் வெடித்தது நிஜம் என்றார். பெரிய தொலைநோக்கியில் எடுத்த போட்டோவில்தான் பதிந்ததாம், எங்கள் குழாய்க்கெல்லாம் எட்டவே எட்டாதாம்.

"அதோட விடலம்மா, அதே சக்கரத்துல அப்புறம் இன்னும் நாலு வெடிச்சிருச்சு," என்றார் சிரித்துக்கொண்டே.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. மைதானத்தில் சாக்கு மாட்டி உட்கார்ந்திருந்தவர்கள் ஐந்து பேர். மற்ற நாலு பேர் யார், அவர்கள் கண் என்ன ஆனது என்று இன்றைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது தம்பி.