வண்டலூரில் இறங்கிய ஞாயிற்றுக்கிழமை

1989-இல் ஒரு ஞாயிறு. மேற்குத் தாம்பரத்தில் ஒரு பள்ளி மண்டபத்தில் எங்கள் ஆபீஸ் குழுவின் மதிய நாடகம். கதாநாயகி சுகந்தி எங்கள் ஆபீஸ் இல்லை. பெண் வேடத்துக்காக வெளியிலிருந்து அழைத்த நடிகை. திரை மறைவில் நின்று வசனம் எடுத்துக் கொடுக்கும் பிராம்ப்டர் நான். மூன்று நாடகங்களாக அவர் என்றால் எனக்கு உயிர். வாய்விட்டுச் சொன்னதில்லை. நாடகம் முடிந்ததும், "சார், கூடுவாஞ்சேரி வரைக்கும் வாங்களேன். அம்மா உங்களப் பாக்கணும்னாங்க" என்றார். கிளம்பிவிட்டேன்.

தாம்பரத்தில் 5.10 செங்கல்பட்டு வண்டி. பதின்மூன்று கிலோமீட்டர், இரண்டு ரூபாய் டிக்கெட், இருபத்தைந்து நிமிடம். கிழக்கு ஜன்னலில் உட்கார்ந்தால் வெயில் அடிக்காது. எனக்கு வெயிலா கவலை? அம்மா எதற்கு என்னைப் பார்க்க வேண்டும்? பிறவியிலேயே சந்தேகப் பேர்வழி நான். சர்க்கரை டப்பாவைக்கூட நக்கிப் பார்த்துவிட்டுத்தான் காபியில் போடுவேன்.

பெருங்களத்தூர் தாண்டியதும் காற்றில் அவர் முந்தானை விலகியது. கழுத்தில் மஞ்சள் கயிறு! நாடகத்தில் மனைவி வேடம், சரி. வளையல், சவுரி எல்லாம் கழற்றிப் பெட்டியில் வைத்தவர் இதை மட்டும் ஏன் விட்டுவைத்தார்? அப்படியானால் கல்யாணம் ஆனவர். கூடுவாஞ்சேரியில் புருஷன் நிற்பான், நாலு பேர் முன்னால் என் சட்டையைப் பிடிப்பான்.

"நான் வண்டலூர்ல எறங்கிக்கறேன். ஜூ பாக்கணும்."

"இப்பவா சார்?" முகம் சுண்டிப்போனது. அதுவும் நடிப்பு என்றே நினைத்தேன்.

ஸ்டேஷன் வாசல் டீக்கடைக்காரர் சிரித்தார். "ஜூ அப்பவே மூட்டாங்கோ சார். இந்நேரத்துல இன்னாத்துக்கு வந்துகினு கீறே?"

இரண்டு மாதம் கழித்து ஒத்திகைக்கு வேறு நடிகை வந்தார். மேக்கப் போடும் கோபால் அண்ணன்தான் சொன்னார்: "சுகந்திக்குக் கல்யாணமாகி திருச்சி போயிடுச்சு."

"ஏற்கெனவே ஆனவங்கதானே? கயிறு பாத்தேனே!"

"அட மடையா! டிராமாவுக்கு வர்ற பொண்ணுங்க வீடு போய்ச் சேர்ற வரைக்கும் அதக் கழட்ட மாட்டாங்க. ரயில்ல எவனும் வாலாட்ட மாட்டான்ல? அவங்கம்மா உன்ன மாப்பிள்ளையாப் பாக்கணும்னு கேசரி, பஜ்ஜி எல்லாம் போட்டு வெச்சிருந்தாங்கடா."



இப்போது போகிறவர்களுக்கு: வண்டலூர் ஜூவுக்குக் காலையிலேயே போங்கள், செவ்வாய் விடுமுறை. சந்தேகம் வந்தால் வாய் திறந்து கேட்டுவிடுங்கள். நான் கேட்க வேண்டியிருந்தது ஒரே ஒரு கேள்வி. அவர் எதிர் சீட்டில்தான் உட்கார்ந்திருந்தார்.