என்மேல் போட்ட மூன்று மனுக்கள்

யுத்தம் நடந்த வருஷங்களில் நான் பெரம்பலூரைச் சுற்றிய கிராமங்களுக்குச் சர்க்கார் அனுப்பிய அம்மை குத்துகிறவன். என் தோல்பை தெரிந்ததுமே தெரு காலியாகிவிடும். தாய்மார் பிள்ளைகளைக் குதிருக்குள் இறக்குவார்கள். பெரிய பிள்ளைகள் சோளக்கொல்லைக்குள் ஓடும், நானும் பின்னாலேயே ஓடுவேன். ஓரிடத்தில் நிற்கத் தெரியாத கால்கள் எனக்கு. ஓடுவதற்குச் சம்பளமும் தருகிறார்களே என்று மனசுக்குள் சிரித்துக்கொள்வேன்.

ஒரு வருஷம் தை மாதம் பருவம் தப்பிப் பெய்த மழையில், மூன்று மாத வேலையை எழுதிய ரெஜிஸ்டர் நனைந்தது. மை கரைந்து பக்கமெல்லாம் நீலம். வானத்தைத் துவைத்துப் போட்ட மாதிரி. ஆபீசில், "ரெஜிஸ்டர் இல்லைன்னா வேலை இல்லை, வேலை இல்லைன்னா சம்பளம் இல்லை" என்றார்கள். அதோடு விட்டார்களா? வீட்டில் படுத்துத் தூங்கினேன் என்றும் எழுதி வைத்தார்கள். ஓயாமல் ஓடுகிற என்னையா! அரியலூர் கோர்ட்டில் சர்க்கார் மேல் வழக்குப் போட்டேன்.

சாட்சி தேடி வேப்பந்தட்டைக்குப் போனால், "கோர்ட்டா? வேணாங்க" என்று கதவைச் சாத்தினார்கள். ஒருத்தி மட்டும், என்னைப் பார்த்தாலே விளக்குமாற்றைத் தூக்குகிறவள், சம்மனை வாங்கி மடியில் செருகிக்கொண்டாள். "வராம இருப்பனா?" என்று சிரித்தாள்.

விசாரணையன்று, பெட்ரோல் கிடைக்காமல் கரி எரித்து ஓடிய பஸ்ஸில் வந்து இறங்கி, கூண்டேறி, முன்சீப்பைக் கும்பிட்டாள்.

"இப்பவாச்சும் என் மனுவ விசாரிக்கிறீங்களே, சாமி!"

வழக்கு என்மேல் நடக்கிறது என்றே நினைத்து வந்திருக்கிறாள்.

"இந்த ஆளு ஐப்பசியில வந்து எம்புள்ள கையக் கீறிட்டுப் போனான். கார்த்திகையில பக்கத்து வூட்டுல ரெண்டு. மார்கழியில எங்க அக்கா மவ. ஆத்தா கோவிச்சுக்குவான்னு தலதலையா அடிச்சுக்கிட்டேன், கேட்டானா? மாசம் ஒண்ணா மூணு மனு எழுதி, இவன் ஆபீசுக்கே அனுப்பினேன். ஒரு பதிலு உண்டா?"

சர்க்கார் வக்கீல் கையிலிருந்த காகிதத்தால் முகத்துக்கு விசிறிக்கொண்டார். முன்சீப்பு சிரிப்பை மீசைக்குள் அடக்கி, "அந்த மனுக்களைக் கொண்டு வாங்க" என்றார்.

அடுத்த வாய்தாவுக்கு மூன்றும் வந்தன. தேதியோடு, ஆபீஸ் முத்திரையோடு, ஒரு சொட்டு ஈரம் படாமல். நான் செய்த வேலை கரைந்துபோயிருந்தது. அதைச் செய்ததற்காக வாங்கிய திட்டு மட்டும் கட்டுக் கலையாமல் இருந்தது. மூன்று மாதச் சம்பளத்தையும் கொடுக்கும்படி தீர்ப்பானது.

மறுநாள் விடியலிலேயே பெரம்பலூரிலிருந்து கிளம்பி, நடையும் ஓட்டமுமாக வேப்பந்தட்டை போய்ச் சேர்ந்தேன். அவள் வாசலில் எள் புடைத்துக்கொண்டிருந்தாள்.

"ஏய்யா, நம்ம கேசு என்னாச்சு?"

"ஜெயிச்சாச்சும்மா."

"யாரு? நானா, நீயா?"

"ரெண்டு பேருந்தான்."

முறத்தைக் கீழே வைத்துவிட்டு என்னையும் என் தோல்பையையும் மாறி மாறிப் பார்த்தாள். உள்ளே தொட்டிலில் ஒரு புதுக்குரல் அழுதது.

"இந்தா, அது பொறந்து ரெண்டு மாசந்தான் ஆவுது. கிட்டப் போன, நாலாவது மனு போட்டுருவேன்."

"தாராளமா போடும்மா," என்றேன், பையைத் திறந்தபடி. "தேதிய மட்டும் தெளிவா எழுதச் சொல்லு."