ஓரகத்திக்கு நான் போட்ட இங்கிலீஷ்

1. முதல் நாள், முதல் தகராறு

காரைக்காலில் கோர்ட்டுக்குப் பக்கத்துச் சந்தில் ஒரு ஜாப் டைப்பிங் கடையில் முப்பத்திரண்டு வருடம் வேலை பார்த்தேன். போன வருடம்தான் நின்றேன். மனு, லீவு லெட்டர், அஃபிடவிட், பாஸ்போர்ட் ஃபாரம், விசாவுக்குக் கவரிங் லெட்டர் என்று ஊரில் யாருக்கு எது வேண்டுமானாலும் எங்களிடம்தான் வருவார்கள். வந்தவர் தமிழில் சொல்வார், நாங்கள் இங்கிலீஷில் அடித்துக் கொடுப்போம். இப்போது இந்த வேலைக்கு வருகிற பிள்ளைகள் என்னைவிட வேகமாக அடிக்கிறார்கள். அவர்களுக்காக ஒரு சொல்லைப் பற்றியும் அதை வைத்து நான் செய்த அசட்டுத்தனத்தைப் பற்றியும் எழுதுகிறேன்.

நான் வேலைக்குச் சேர்ந்தபோது டைப்ரைட்டிங்கில் இரண்டு மொழியிலும் ஹையர் பாஸ் செய்திருந்தேன். இங்கிலீஷில் நான்தான் புலி என்று நினைப்பு வேறு. முதல் நாள் காலையில் திருமலைராயன்பட்டினத்திலிருந்து ஒரு ஆபீஸ் கிளார்க் வந்தார். லீவு லெட்டர் வேண்டும் என்றார்.

"மை கோ-பிரதர் எக்ஸ்பயர்டுன்னு போடும்மா."

என் கை நின்றுவிட்டது. "அப்படி ஒரு வார்த்தை இங்கிலீஷ்ல கிடையாதுங்க சார். பிரதர்-இன்-லான்னுதான் போடணும்" என்றேன்.

"கிடையாதா? அப்ப செத்துப்போன என் சகலை யாரு? பிரதர்-இன்-லான்னு போட்டா எங்க ஆபீசர் மச்சான்னு நெனச்சுக்குவாரு. என் பொண்டாட்டியோட அண்ணன் அதே ஆபீசுல பியூனா இருக்காரு. நாளைக்கு அவரு உசுரோட டீ வாங்கிக்கிட்டு வந்து நிப்பாரு. நான் என்னம்மா பதில் சொல்றது?"

முதலாளி கலியபெருமாள் சார் கல்லாவிலிருந்து எழுந்துகூட வரவில்லை. "சுமதி, அவரு சொன்னத அடி" என்றார். பல்லைக் கடித்துக்கொண்டு அடித்தேன். அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போய் அகராதியைப் புரட்டினேன். கோ-பிரதர் இல்லை. எனக்கு அப்படி ஒரு திருப்தி.

2. அந்தச் சொல் நடமாடும் இடங்கள்

அகராதியில் இல்லாவிட்டாலும் கடைக்கு அது தினமும் வந்தது. அக்கா தங்கையைக் கட்டியவர்கள் இருவரும் சகலை. இங்கிலீஷில் அவர்கள் கோ-பிரதர். அண்ணன் தம்பிக்கு வாழ்க்கைப்பட்ட பெண்கள் இருவரும் ஓரகத்தி. அவர்கள் கோ-சிஸ்டர். யார் உண்டாக்கினார்களோ தெரியாது, நம் பக்கத்தில் நாலு எழுத்து இங்கிலீஷ் தெரிந்த எல்லோரும் எழுதுகிறார்கள். போலீஸ் புகாரில் வரும், பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துக்குக் கீழே வரும், கல்யாணத்துக்கு லீவு கேட்கும் கடிதத்தில் கட்டாயம் வரும். சம்பந்தியை கோ-ஃபாதர்-இன்-லா என்று எழுதிக்கொண்டு வந்தவரும் உண்டு.

ஒருவர் இன்னும் ஒரு படி மேலே போய், தன் மனைவியின் ஓரகத்தியை கோ-வொய்ஃப் என்று தானே எழுதி, ஜெராக்ஸ் மட்டும் எடுத்துக்கொண்டு கிளம்பினார். நான் செருப்பைக்கூடப் போடாமல் சந்து முனைவரை ஓடிப்போய் அவரைப் பிடித்தேன். அந்தச் சொல்லுக்கு அர்த்தம் சக்களத்தி என்று காதோடு சொன்னேன். மனுஷன் அந்தக் காகிதத்தை எட்டாகக் கிழித்து பையில் போட்டுக்கொண்டார், ரோட்டில் போடக்கூடப் பயம்.

இப்படியெல்லாம் பார்த்துப் பார்த்து, இந்த வகையறாச் சொல் எது வந்தாலும் வெட்டிவிடுவது என்று வைத்துக்கொண்டேன். முதலாளிக்கு வயதாகி, டைப்ரைட்டர் போய், கம்ப்யூட்டர் வந்ததும் என்னைக் கேட்க ஆளில்லை. நாத்தனாரா, அண்ணியா, கொழுந்தியாளா, ஓரகத்தியா, எல்லோருக்கும் ஒரே சிஸ்டர்-இன்-லா. அகராதி சொன்னது, நானும் அடித்தேன்.

3. நெடுங்காட்டு செல்வி

நான் வேலையை விடுவதற்குச் சில வருடம் முன்பு, நெடுங்காட்டிலிருந்து செல்வி என்ற பெண் வந்தார். நாற்பது வயதிருக்கும். கணவர் ராஜேந்திரன் விவசாயம். கணவரின் தம்பி இங்கிலாந்தில் ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸ் வேலையில் இருந்தார். அந்தத் தம்பியின் மனைவி மாலதிக்கு இரண்டாவது பிரசவம். ஏதோ சிக்கல் என்று டாக்டர் எழுந்து நடக்கவே கூடாது என்று சொல்லிவிட்டார். மாலதிக்குத் தாயில்லை. நாலு வயதில் மூத்த பெண் இருக்கிறாள். புருஷன் ட்யூட்டிக்குப் போய்விட்டால் குழந்தைக்குச் சோறு போடக்கூட வீட்டில் ஆளில்லை. அதற்குத்தான் செல்வி போக வேண்டும். அவர் அதுவரை நாகப்பட்டினத்தைத் தாண்டியதில்லை.

"கொழுந்தனாரு எழுதி அனுப்பியிருக்காருங்க. இத நல்லபடியா அடிச்சுக் குடுங்க" என்று போனை நீட்டினார். அந்தக் கடிதத்தில் மாலதி பெயர் வருகிற இடமெல்லாம் கோ-சிஸ்டர். மொத்தம் நாலு இடம்.

அது காலேஜ் அட்மிஷன் சமயம். கடைக்கு வெளியே வெயிலில் கூட்டம் நின்றது. எங்கள் தொழிலில் எதையும் புதிதாக அடிப்பதில்லை. முன்பு ஒருவருக்கு அடித்த லெட்டரைத் திறந்து, பெயரையும் ஊரையும் மாற்றுவோம். அதற்கு மாடல் காப்பி என்று பெயர். என்னிடம் விசாவுக்கு ஒரு மாடல் காப்பி இருந்தது. நாத்தனார் பிரசவத்துக்குப் போன ஒரு அம்மாவுக்காக அடித்தது. அதைத் திறந்தேன், பெயர்களை மாற்றினேன், கொழுந்தனார் எழுதியதிலிருந்து வேண்டிய பத்தியைக் கீழே ஒட்டினேன், நாலு கோ-சிஸ்டரையும் ஒரே தட்டில் சிஸ்டர்-இன்-லா ஆக்கினேன். பத்து நிமிஷம்கூட ஆகவில்லை.

கையெழுத்து வாங்குவதற்கு முன் லெட்டரைத் தமிழில் படித்துக் காட்ட வேண்டும் என்பது கடையின் விதி. இங்கிலீஷ் தெரியாதவர் எதில் கையெழுத்துப் போடுகிறார் என்று அவருக்குத் தெரிய வேண்டுமில்லையா. அன்று கூட்டத்தில் நான் படித்துக் காட்டவில்லை. செல்வியும் கேட்கவில்லை. "உங்களுக்குத் தெரியாததாங்க" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

4. தம்பி யாரைக் கட்டியிருக்கிறான்?

மூன்று வாரம் கழித்து செல்வியும் ராஜேந்திரனும் வந்தார்கள். விசா கிடைக்கவில்லை. ராஜேந்திரன் வயலிலிருந்து நேராக வந்திருப்பார் போல, காலில் சேறு காய்ந்திருந்தது. மறுத்த கடிதத்தை என் முன்னால் வைத்தார்.

"மேடம், இதுல என்ன எழுதியிருக்கான்னு கொஞ்சம் தமிழ்ல சொல்லுங்க."

நான் படிக்கப் படிக்கச் சொல்லிக்கொண்டே போனேன். உங்கள் கடிதப்படி மாலதி உங்கள் கணவரின் உடன்பிறந்த தங்கை. அதே கடிதப்படி மாலதியின் கணவர் உங்கள் கணவரின் உடன்பிறந்த தம்பி. இந்த இரண்டும் ஒருசேர உண்மையாக இருக்க முடியாது. ஆகவே நீங்கள் சொல்லும் உறவை ஏற்பதற்கில்லை.

பாதியிலேயே எனக்குப் புரிந்துவிட்டது. நாத்தனாருக்கு அடித்த மாடல் காப்பியில், இவர் என் கணவரின் உடன்பிறந்த தங்கை என்று ஒரு வரி இருந்தது. அதை எடுக்க மறந்திருக்கிறேன்.

ராஜேந்திரன் கொஞ்ச நேரம் விரலை மடக்கிக் கணக்குப் போட்டுப் பார்த்தார். "மாலதி எனக்குத் தங்கச்சி. அவ புருஷன் எனக்குத் தம்பி. அப்ப என் தம்பி யாரைங்க கட்டியிருக்கான்?"

ஜெராக்ஸுக்கு நின்றவர்கள் குபீரென்று சிரித்தார்கள். சாதாரண நாளாக இருந்தால் நானும் சிரித்திருப்பேன். செல்வி சிரிக்கவில்லை.

"இன்னும் எட்டு வாரந்தாங்க இருக்கு. அங்க அவளுக்கு யாருமில்ல. நேத்து பேசும்போது அழுதா. நீ வரலன்னா நான் என்னக்கா பண்ணுவேன்னு கேக்குறா."

அவர் என்னைத் திட்டியிருந்தால் தேவலை. தப்பு என்னுடையது என்று அந்தக் கூட்டத்தின் முன்னாலேயே சொன்னேன். சொன்னபோது எனக்கு ஐம்பத்தைந்து வயது. பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி எழுந்து நின்றேன்.

5. இரண்டாவது கடிதம்

திரும்ப விண்ணப்பிக்கலாம். ஆனால் முதல் கடிதம் ஏன் அப்படி இருந்தது என்று விளக்க வேண்டும். டைப்பிஸ்ட் செய்த பிழை என்று செல்வி எழுதினால் யார் நம்புவார்கள்? எல்லோரும் சொல்கிற சாக்குதானே அது. நானே என் பெயரைப் போட்டு ஒரு அஃபிடவிட் கொடுப்பது என்று முடிவு செய்தேன். ஜாப் டைப்பிங்கில் அந்த வழக்கமே கிடையாது. ஊர்க் காகிதமெல்லாம் எங்கள் கை வழியாகப் போகும், எங்கள் பெயர் மட்டும் எதிலும் இருக்காது. வம்பு வந்தால் கடைக்கு வந்துவிடும் என்ற பயம். கலியபெருமாள் சாரிடம் தயங்கித் தயங்கிச் சொன்னேன். மனுஷன் மறுப்பார் என்றுதான் நினைத்தேன்.

"போடும்மா. கடைப் பேரையும் சேத்தே போடு. அந்தப் பொண்ணு போய்ச் சேரணும்" என்றார்.

பிறகு செல்வியை உட்கார வைத்து, முதல்நாளே கேட்டிருக்க வேண்டியதைக் கேட்டேன். "நீங்க ரெண்டு பேரும் எப்படிம்மா?"

"எப்படின்னா? ஒரே வீட்ல இருந்தோம். ஒரே அடுப்புல சமைச்சோம். அவ்வளவுதாங்க." கொஞ்சம் யோசித்துவிட்டு, "அஞ்சு மாசம் பேசாமயும் இருந்தோம்" என்றார்.

மிக்ஸி ஜார் உடைந்ததில் வந்த சண்டையாம். ஐந்து மாதமும் சமையல் நின்றதில்லை. ஒருத்தி குழம்பு வைப்பாள், ஒருத்தி சோறு வடிப்பாள். உப்பு தீர்ந்தால் சுவரைப் பார்த்து, "கடைக்குப் போறவங்க யாராவது உப்பு வாங்கிட்டு வந்தாத் தேவலை" என்பார்களாம். சொல்லும்போது செல்விக்கே சிரிப்பு வந்துவிட்டது.

"அப்புறம் எப்படிப் பேசுனீங்க?"

"அதெல்லாம் எதுக்குங்க. தானா சரியாப் போச்சு."

மறுநாள் மாலதியை வீடியோ காலில் பிடித்தேன். படுத்தபடியேதான் பேசினார். அக்கா என்னவெல்லாம் சொன்னார் என்று கேட்டார். சொன்னேன்.

"அவ்வளவுதான் சொன்னாங்களா? நல்லா இருக்கே. மூத்தவளுக்கு எனக்கு வலி வந்தப்ப நடவு நேரங்க. ஆம்பளைங்க எல்லாம் வயல்ல. பேசாம இருந்த அதே அக்காதான் என்னைத் தாங்கிப் புடிச்சு ஆட்டோவுல ஏத்துனாங்க. பத்தொம்போது நாள் ஆஸ்பத்திரியில தரையில படுத்துக் கெடந்தாங்க. என் துணிய அலசுனாங்க. அப்பக்கூட ரெண்டு நாள் என்கிட்ட பேசல, கோவம் தீரல அவங்களுக்கு. எங்கம்மா இருந்திருந்தாக்கூட அப்படிச் செஞ்சிருப்பாங்களான்னு தெரியாது. இதையும் எழுதுங்க மேடம்."

எழுதினேன். மாடல் காப்பி எதையும் திறக்காமல், வெறும் பக்கத்தில். எங்கள் பக்கத்தில் அண்ணன் தம்பியின் மனைவிமார் ஒருவருக்கொருவர் கோ-சிஸ்டர், இந்தச் சொல் பல அகராதிகளில் இல்லை, எங்கள் வீடுகளில் இருக்கிறது என்று ஆரம்பித்தேன். ஒரே அடுப்பு, ஐந்து மாத மௌனம், பத்தொன்பது நாள் எல்லாம் போட்டேன். இரண்டு பேர் பெயரும் இருந்த பழைய ரேஷன் கார்டையும், இரண்டு கல்யாணப் பத்திரிகைகளையும் இணைத்தேன். என் அஃபிடவிட்டைக் கடைசியில் வைத்தேன்.

6. படித்துக் காட்டியது

செல்வி கையெழுத்துப் போட வந்த அன்றும் கூட்டம்தான். எல்லோரையும் நிற்க வைத்துவிட்டு, முதல் வரியிலிருந்து தமிழில் படித்துக் காட்டினேன். சுவரைப் பார்த்துப் பேசியது வந்தபோது செல்வி முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார். மாலதி சொன்ன பகுதி வந்தது. தரையில் படுத்தது, துணி அலசியது, தாய் இருந்திருந்தால்கூட என்பது. படித்துவிட்டு நிமிர்ந்தால் அவர் பேனாவைக் கீழே வைத்திருந்தார்.

"இத அவ சொன்னாளா?"

"அவங்கதாம்மா சொன்னாங்க. எழுதச் சொன்னதும் அவங்கதான்."

"என்கிட்ட ஒரு நாள்கூடச் சொன்னதில்லைங்க. மறந்துட்டான்னுதான் நெனச்சுக்கிட்டு இருந்தேன்." கண்ணைத் துடைத்தார், மறுபடி வழிந்தது. ராஜேந்திரன் சங்கடப்பட்டு வெளியே போய் நின்றுகொண்டார். "இன்னொரு தடவ படிங்க" என்றார் செல்வி. படித்தேன். ஜெராக்ஸுக்கு நின்றவர்கள் ஒருவர்கூட அவசரப்படுத்தவில்லை.

விசா வந்தது. பிரசவத்துக்குப் பதினோரு நாள் முன்னதாகப் போய்ச் சேர்ந்தார். பெண் குழந்தை, தாயும் சேயும் சுகம். அங்கிருந்து போன் செய்து, குளிரையும் புளி கிடைக்காததையும் பற்றி அரை மணி நேரம் குறைபட்டுக்கொண்டார். அவ்வளவு சந்தோஷமான குறையை நான் கேட்டதில்லை.

அதற்குப் பிறகு வேலையை விடும்வரை, யார் எந்த உறவைச் சொல்லி வந்தாலும், அவங்க உங்களுக்கு என்ன செஞ்சாங்க என்று ஒரு கேள்வி கேட்டுவிட்டுத்தான் கீபோர்டில் கை வைத்தேன். பிள்ளைகளே, நேரம் பிடிக்கும், வரிசையில் நிற்பவர்கள் முணுமுணுப்பார்கள், முணுமுணுக்கட்டும். அடித்ததைப் படித்துக் காட்டுங்கள். செல்விக்கு அந்தக் கடிதம் விசா வாங்கிக் கொடுத்தது பிறகுதான். அன்று கையெழுத்துப் போட்டுவிட்டு எழுந்தவர் என்னிடம் சொன்னது இதுதான்: "விசா வரலன்னாலும் பரவால்லைங்க. இது எனக்குத் தெரிஞ்சுதே, அது போதும்."